சொல்லாமல் கொள்ளாமல் பணம் போகிறதா? சந்தா, ஆட்டோபே, ரீஃபண்ட் பற்றிக் கோத்தகிரிக் கடையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

கோத்தகிரி மார்க்கெட்டுக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ், ரீசார்ஜ், ஆன்லைன் விண்ணப்பம் என்று ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறேன். தேயிலைக்கான பணம் வங்கியில் ஏறும் வாரம் வந்தால் போதும், பாஸ்புக் ஒரு கையிலும் போன் இன்னொரு கையிலுமாக "தம்பி, இது என்ன பிடித்தம்?" என்று கேட்டுக்கொண்டு ஆட்கள் வர ஆரம்பித்துவிடுவார்கள். கணக்கில் காசு இல்லாதபோது எடுக்க முடியாமல் திரும்பிப் போன சந்தாக்கள் காசு ஏறியதும் மறுபடி வந்து எடுத்துக்கொள்வதும் உண்டு, அதனால்தான் அந்த வாரத்தில் கூட்டம். எல்லாருக்கும் முதலிலிருந்து சொல்லிச் சொல்லி வாய் வலித்துவிட்டது, எழுதியே வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன்.

ஆப்பைப் போனிலிருந்து எடுத்துவிட்டேன். பிறகும் எப்படிப் பணம் போகிறது?

பால்காரரிடம் நாளையிலிருந்து வேண்டாம் என்று சொல்லாமல் கேட்டை மட்டும் பூட்டிவைத்தால் பால் பாக்கெட் கேட்டுக்கு வெளியே கிடக்கும், மாதக் கடைசியில் கணக்கும் வரும். இதுவும் அதே கதைதான். ஆப் என்பது உங்கள் போனில் இருப்பது. "என் கணக்கிலிருந்து மாதாமாதம் எடுத்துக்கொள்" என்று நீங்கள் கொடுத்த அனுமதி போனில் இல்லை, அது வங்கியிலோ யுபிஐயிலோ பிளே ஸ்டோரிலோ பதிவாகி இருக்கிறது. அந்த அனுமதிக்குப் பெயர்தான் மேண்டேட், ஆட்டோபே என்றாலும் அதுதான். அதை நிறுத்தாமல் ஆப்பை மட்டும் அழித்தால் உங்களுக்குப் பாடமும் இல்லை, படமும் இல்லை, பணம் மட்டும் போய்க்கொண்டே இருக்கும். போனையே மாற்றினாலும் இதே நிலைதான்.

ஆகவே ஏற்கெனவே அழித்திருந்தால் பதற வேண்டாம், ஆப்பை மறுபடி போட வேண்டிய அவசியம்கூடப் பல நேரம் இருக்காது. மேண்டேட் எங்கே இருக்கிறதோ அங்கே போய் நிறுத்தினால் போதும். போன பணத்தைத் திரும்பக் கேட்பது அதற்கு அடுத்த வேலை. பலர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள், ரீஃபண்ட் கேட்டு இரண்டு வாரம் மெயில் அனுப்பிக்கொண்டிருப்பார்கள், அதற்குள் அடுத்த மாதத் தவணையும் போய்விடும்.

ஒரு ரூபாய்தானே கட்டினேன், 499 எப்படிப் போனது?

இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் கடைக்கு வருகிற புகார்களில் பாதிக்கு மேல் இந்த ஒரு ரூபாயில்தான் தொடங்குகிறது.

போன மாதம் கீழ்கோத்தகிரிப் பக்கம் ஒரு ஹட்டியிலிருந்து, அதாவது படுகர் ஊரிலிருந்து, ஒரு அக்கா வந்தார். மகள் இங்கிலீஷ் பேசிப் பழகட்டும் என்று ஒரு ஆப் போட்டிருக்கிறார், ஏழு நாளைக்கு ஒரு ரூபாய் என்று விளம்பரம். ஏழு நாள் முடிந்ததும் 499 போயிருக்கிறது, மூன்று மாதம் கழித்து மறுபடி ஒரு 499. பாஸ்புக்கில் அந்த ஆப்பின் பெயரே இல்லை, யாரோ ஒரு பிரைவேட் லிமிடெட்டின் பெயர் பாதி மட்டும் அச்சாகி மீதி கட்டத்துக்குள் அடங்காமல் வெட்டுப்பட்டிருந்தது. அதைப் பார்த்து உரக் கம்பெனி என்று நினைத்து உரக்கடையில் ஒரு சண்டையும் போட்டுவிட்டுத்தான் என் கடைக்கு வந்திருந்தார்.

போனை வாங்கி யுபிஐ ஆப்பில் ஆட்டோபே பக்கத்தைத் திறந்தேன். நான்கு வரி. தொகை என்ற இடத்தில் "அதிகபட்சம் 5,000 வரை". எத்தனை முறை என்ற இடத்தில் "தேவைப்படும்போதெல்லாம்" என்ற பொருளில் ஒரு சொல். தொடங்கும் நாள். முடியும் நாள் என்ற இடத்தில், நம்ப மாட்டீர்கள், இன்னும் இருபது வருடத்துக்கு மேல் தள்ளி ஒரு தேதி, அந்தப் பெண் அதற்குள் இங்கிலீஷில் கனவே காண ஆரம்பித்திருப்பாள். ஒரு ரூபாய் என்று நினைத்து அக்கா பின் எண் போட்டது இந்த நான்கு வரிக்கும் சேர்த்துத்தான்.

ஏமாற்றினார்களா என்றால், திரையில் எல்லாமே இருந்தது, பொடி எழுத்தில், இங்கிலீஷில். "1 ரூபாய்" மட்டும் கட்டைவிரல் அளவுக்குப் பெரிதாக இருந்தது. இனிமேல் எந்த இலவசச் சோதனைக்கும் பின் எண் போடும் முன் அந்த நான்கு வரியைத் தேடுங்கள், குறிப்பாக அதிகபட்சத் தொகையையும் முடியும் தேதியையும். சாதாரணமாகப் பணம் ஒரு முறை கட்டும் திரையில் "மேண்டேட்" அல்லது "ஆட்டோபே" என்ற சொல் வராது. வந்தால் அது ஒரு முறைக் கட்டணம் இல்லை என்றே எடுத்துக்கொண்டு நின்று படியுங்கள்.

பணம் எடுக்கும் முன்பு சொல்ல வேண்டும் என்று சட்டம் இல்லையா?

இருக்கிறது. கார்டு, யுபிஐ வழியாகத் தானாகப் போகும் பணத்துக்கு ரிசர்வ் வங்கியின் விதி 2021 அக்டோபர் 1 முதல் முழுதாக நடைமுறைக்கு வந்தது. முதல் முறை அனுமதி கொடுக்கும்போது ஓடிபி அல்லது பின் கட்டாயம். அதற்குப் பிறகு ஒவ்வொரு முறையும் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்னால் தகவல் வர வேண்டும், யாருக்கு, எவ்வளவு, எந்தத் தேதியில் என்ற விவரத்தோடு, வேண்டாம் என்றால் விலகும் வழியும் அதிலேயே இருக்க வேண்டும். எடுத்த பிறகு இன்னொரு தகவல். ஒரு முறைக்கு 15,000 ரூபாய் வரை பின் எண் கேட்காமல் போகலாம், 2022 ஜூனுக்கு முன்பு இது 5,000 ஆக இருந்தது. இன்சூரன்ஸ் பிரீமியம், மியூச்சுவல் ஃபண்ட், கிரெடிட் கார்டு பில் ஆகிய மூன்றுக்கும் வரம்பு 1 லட்சம்.

அந்தத் தகவல் வரத்தான் செய்கிறது. லோன் வேண்டுமா, ரம்மி ஆடுகிறீர்களா என்று வரும் நாற்பது மெசேஜுக்கு நடுவில் இங்கிலீஷில் ஒன்றாக வருகிறது, நாம் எல்லாவற்றையும் சேர்த்துத் தள்ளிவிடுகிறோம். வங்கியின் பெயரில் வரும் மெசேஜை மட்டுமாவது அழிக்காமல் வையுங்கள். புகார் கொடுக்கும்போது "தகவலே வரவில்லை" என்று சொல்வதற்கு முன் ஒரு முறை தேடிப் பார்த்துவிடுங்கள், நான் அப்படிச் சொல்லி ஒருவருக்காக மெயில் அனுப்பி, அந்த மெசேஜ் அவர் போனிலேயே இருந்ததை அப்புறம் கண்டுபிடித்து அசடு வழிந்திருக்கிறேன்.

சரி, எங்கே போய் நிறுத்துவது?

பணம் எந்த வழியாகப் போகிறது என்பதைப் பொறுத்தது. முதலில் பாஸ்புக்கிலோ ஸ்டேட்மெண்டிலோ அந்த வரியைப் பாருங்கள்.

யுபிஐ என்று இருந்தால் கூகுள் பே, போன்பே, பேடிஎம் எதுவாக இருந்தாலும் உள்ளே ஆட்டோபே என்று ஒரு பகுதி உண்டு, பெரும்பாலும் உங்கள் புரொஃபைல் படத்தைத் தொட்டால் கிடைக்கும். நடப்பில் இருக்கும் மேண்டேட் எல்லாம் வரிசையாக நிற்கும். வேண்டாததைத் தொட்டு ரத்து என்று கொடுத்தால் பின் எண் கேட்கும், போட்டதும் முடிந்தது. பாஸ் (Pause) என்று ஒன்று இருக்கும், அது தற்காலிக நிறுத்தம்தான், ரத்து இல்லை, பார்த்துச் செய்யுங்கள். இரண்டு மூன்று யுபிஐ ஆப் வைத்திருப்பவர்கள் ஒன்றில் இல்லையென்றால் மற்றதிலும் பார்க்கவும், எதில் அனுமதி கொடுத்தோம் என்பது நமக்கே நினைவிருக்காது.

பிளே ஸ்டோர் வழியாக வாங்கியது என்றால் ஸ்டேட்மெண்டில் கூகுள் பெயர் இருக்கும். பிளே ஸ்டோரில் புரொஃபைல் படம், அப்புறம் பேமெண்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ், அதில் சப்ஸ்கிரிப்ஷன்ஸ். இங்கே ஒரு சிக்கல் வரும்: ஒரு போனில் இரண்டு ஜிமெயில் இருந்தால் சந்தா எந்த ஜிமெயிலில் வாங்கினீர்களோ அதில்தான் தெரியும். "ஒன்றுமே இல்லையே தம்பி" என்பவர்களுக்குப் பெரும்பாலும் கணக்கை மாற்றிப் பார்த்தால் கிடைத்துவிடும், பழைய போன் வாங்கியபோது கடைக்காரர் உருவாக்கிக் கொடுத்த ஜிமெயில் ஒன்று உள்ளே உட்கார்ந்திருக்கும். ஐபோன் என்றால் செட்டிங்ஸில் மேலே உங்கள் பெயரைத் தொட்டு சப்ஸ்கிரிப்ஷன்ஸ். ஐபோனில் சோதனைக் காலம் முடிவதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பே ரத்து செய்ய வேண்டும், கடைசி நாள் இரவு செய்தால் தப்பிவிடலாம் என்று நினைக்காதீர்கள்.

கார்டு எண்ணை நேராக ஒரு வெப்சைட்டில் போட்டிருந்தால் அந்த வெப்சைட்டில் உள்நுழைந்து ரத்து செய்வது முதல் வேலை, வங்கி ஆப்பிலோ வங்கி காட்டும் தளத்திலோ கார்டு மேண்டேட்டை ரத்து செய்வது இரண்டாவது. இரண்டையும் செய்யுங்கள். கார்டையே பிளாக் செய்துவிடலாமே என்று கேட்பார்கள். செய்யலாம், மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்துவது போல. புதுக் கார்டு மலைக்கு வந்து சேரும் வரை ஏடிஎம்முக்கு என்ன செய்வீர்கள்?

நடுவில் ரத்து செய்தால் கட்டிய மீதி நாட்கள் வீணாகிவிடுமா?

பெரும்பாலும் ஆகாது, கட்டிய காலம் முடியும் வரை பார்க்கலாம், படிக்கலாம், அடுத்த முறை மட்டும் எடுக்க மாட்டார்கள். அதனால் சோதனைக்குச் சேர்ந்த அன்றே ரத்து செய்துவிடுவதுதான் என் வழக்கம். சில ஆப்புகள் மட்டும் ரத்து செய்த நொடியே சோதனையை நிறுத்திவிடும், நிறுத்தினால் நிறுத்தட்டும்.

போன பணம் திரும்ப வருமா?

கேட்டால் வரலாம், கேட்காவிட்டால் வராது, தாமதமாகக் கேட்டால் வருவது கஷ்டம். ரத்து செய்தால் பணம் தானாகத் திரும்பும் என்று நினைத்துக் காத்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். ரத்து வேறு, ரீஃபண்ட் வேறு, இரண்டுக்கும் தனித்தனியாகக் கேட்க வேண்டும்.

பிளே ஸ்டோரில் வாங்கிய 48 மணி நேரத்துக்குள் கேட்டால் கூகுளிடமே கேட்கலாம், பல நேரம் கிடைத்துவிடும். அது தாண்டினால் ஆப்பை நடத்துபவரிடம் போகச் சொல்வார்கள். கேட்பதற்கு ஆர்டர் எண் வேண்டும், ஜிமெயிலில் வந்த ரசீதில் ஜி.பி.ஏ. என்ற எழுத்துகளோடு தொடங்கும் நீளமான எண் அது. ஆப்பிளுக்கும் தனியாக ரீஃபண்ட் கேட்கும் பக்கம் உண்டு, ரசீதிலேயே வழி இருக்கும்.

ஆப்பிடம் நேராகக் கட்டியிருந்தால் மெயில்தான். போனில் பேசி "பார்க்கிறேன் சார்" என்று அவர்கள் சொன்னது நாளைக்கு ஒன்றுக்கும் உதவாது. நீளமாக அழுது எழுத வேண்டாம், கோபமாகவும் வேண்டாம். அந்த அக்காவுக்கு நான் எழுதிக்கொடுத்தது ஏறக்குறைய இப்படி இருந்தது:

"என் கணக்கிலிருந்து இந்த இரண்டு தேதிகளிலும் தலா 499 ரூபாய் எடுக்கப்பட்டுள்ளது. யுபிஐ எண்கள் இவை. ஒரு ரூபாய்ச் சோதனைக்குப் பிறகு இந்தத் தொகை எடுக்கப்படும் என்பது எனக்குத் தெளிவாகச் சொல்லப்படவில்லை. சோதனைக் காலத்துக்குப் பிறகு ஆப்பை ஒரு முறைகூடத் திறக்கவில்லை, உங்கள் பதிவில் பார்த்துக்கொள்ளலாம். மேண்டேட்டை இன்று ரத்து செய்துவிட்டேன். இரண்டு 499 ரூபாயையும் ஏழு நாளுக்குள் திருப்பித் தரவும். இல்லையென்றால் நுகர்வோர் உதவி எண்ணில் புகார் செய்வேன்."

யுபிஐ எண் என்பது 12 இலக்கம், பரிவர்த்தனையைத் தொட்டால் கிடைக்கும். "ஒரு முறைகூடத் திறக்கவில்லை" என்ற வரிக்குத்தான் பலம் அதிகம், ஆனால் உண்மையாக இருந்தால் மட்டும் எழுதுங்கள், அவர்களிடம் நாள், மணி எல்லாம் இருக்கும். அக்காவுக்கு இரண்டாவது 499 திரும்ப வந்தது, முதலாவது வரவில்லை. மூன்று மாதம் விட்டுக் கேட்டதற்கு அதுவே பெரிது என்று நான் சொன்னேன், அவர் ஒத்துக்கொள்ளவில்லை.

என் கதையையும் சொல்லிவிடுகிறேன், ஊருக்கு உபதேசம் என்று நினைத்துவிடக் கூடாது. கடைக்குப் போஸ்டர் செய்ய ஒரு டிசைன் மென்பொருள் வாங்கினேன். மாதம் இவ்வளவு என்று போட்டிருந்தது, பிடித்ததோ பன்னிரண்டு மாதத்துக்கும் ஒரே அடியாக, நல்ல பனி விழுகிற டிசம்பரில் காலை ஏழு மணிக்கு மெசேஜைப் பார்த்து வியர்த்துவிட்டது. "மாதத்துக்கு" என்று விலையைக் காட்டி "வருடாந்திரமாகப் பில் செய்யப்படும்" என்று கீழே சாம்பல் நிறத்தில் எழுதியிருந்தார்கள். மூன்று மெயில், ஒன்பது நாள், பாதித் தொகை திரும்ப வந்தது. மீதிப் பாதிக்குப் போஸ்டராகச் செய்து தள்ளினேன், மார்க்கெட்டில் பாதிக் கடைகளில் தொங்குவது அதுதான்.

"ரீஃபண்ட் போட்டாச்சு" என்கிறார்கள், கணக்கில் ஏறவில்லையே?

எந்த வழியில் போனதோ அந்த வழியில்தான் திரும்பும். கிரெடிட் கார்டில் கட்டியதைச் சேமிப்புக் கணக்கில் தேடிப் பயனில்லை. கார்டு என்றால் பொதுவாக ஐந்து முதல் ஏழு வேலைநாள் ஆகும், நடுவில் இரண்டாம் சனி, ஞாயிறு, பண்டிகை எதுவும் கணக்கில் வராது. அதற்கு மேலும் வரவில்லையென்றால் "ஏ.ஆர்.என். எண் கொடுங்கள்" என்று கேளுங்கள், யுபிஐ என்றால் யு.டி.ஆர். எண். உண்மையில் அனுப்பியிருந்தால் அந்த எண் அவர்களிடம் இருக்கும், அதை வங்கியில் கொடுத்தால் பணம் எங்கே நிற்கிறது என்று சொல்லிவிடுவார்கள். எண் கேட்டதும் பேச்சு மாறினால் இன்னும் அனுப்பவில்லை என்று அர்த்தம்.

கூகுளில் கஸ்டமர் கேர் எண் தேடிப் பேசினேன். ரீஃபண்டுக்கு ஒரு ஆப் போட்டுப் பின் எண் போடச் சொல்கிறார். போடலாமா?

வையுங்கள் போனை. இப்போதே.

பணம் வாங்குவதற்கு உலகத்தில் எங்கும் பின் எண் தேவையில்லை. அவர் போடச் சொல்லும் ஆப் உங்கள் திரையை அவருக்குக் காட்டும் ஆப். 499 போனவர்கள் ரீஃபண்ட் தேடிப் போய் 49,000 விடுவது இந்த இடத்தில்தான். எண் வேண்டுமென்றால் அந்த ஆப்புக்குள்ளேயே உதவி என்ற பகுதியில் எடுங்கள், வங்கியின் உதவி எண் கார்டுக்குப் பின்னால் அச்சாகியிருக்கும். ஏற்கெனவே போட்டுவிட்டீர்கள், பணமும் போய்விட்டது என்றால் மறுநிமிடம் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்கு அடியுங்கள், காலையில் ஸ்டேஷனுக்குப் போய்க்கொள்ளலாம் என்று இருக்காதீர்கள், பணம் அடுத்தடுத்த கணக்குக்கு நகர்வதற்கு முன் நிறுத்தினால்தான் உண்டு.

நான் அனுமதியே கொடுக்காமல் பணம் போயிருந்தால்?

அது வேறு வகை, இங்கே உங்களுக்குப் பலமான விதி இருக்கிறது. 2017 ஜூலை 6 அன்று ரிசர்வ் வங்கி போட்ட உத்தரவின்படி, உங்கள் தவறும் இல்லாமல் வங்கியின் தவறும் இல்லாமல் வேறு எங்கோ நடந்த ஓட்டையால் பணம் போயிருந்து, வங்கியின் தகவல் வந்த மூன்று வேலைநாளுக்குள் நீங்கள் தெரிவித்துவிட்டால் உங்கள் நஷ்டம் பூஜ்யம். நான்கு முதல் ஏழு வேலைநாள் என்றால் ஒரு வரம்பு வரை நீங்கள் ஏற்க வேண்டும், சாதாரணச் சேமிப்புக் கணக்குக்கு 10,000 ரூபாய். ஏழு நாள் தாண்டினால் வங்கியின் கொள்கை என்ன சொல்கிறதோ அதுதான். புகார் கொடுத்த 10 வேலைநாளுக்குள் அந்தத் தொகையை வங்கி தற்காலிகமாகக் கணக்கில் வைக்க வேண்டும், 90 நாளுக்குள் முடிவு சொல்ல வேண்டும்.

ஆனால் ஓடிபியை நீங்களே சொல்லியிருந்தால், பின் எண்ணை நீங்களே போட்டிருந்தால், புகார் கொடுக்கும் வரை போன பணம் உங்கள் தலையில்தான் விழும். ஒரு ரூபாய்ச் சந்தாவை "நான் செய்யவே இல்லை" என்று வங்கியில் எழுதிக் கொடுக்கச் சொல்லிச் சிலர் வருகிறார்கள். எழுத மாட்டேன். வங்கி பார்த்தால் உங்கள் பின் எண் போட்ட நேரம் நொடியோடு இருக்கும், அப்புறம் உண்மையான புகாரையும் நம்ப மாட்டார்கள்.

மே மாதக் கடைசியில் 436 ரூபாயும் 20 ரூபாயும் போகிறதே, அது எந்த ஆப்?

ஆப் இல்லை. 436 பிரதம மந்திரி ஜீவன் ஜோதி ஆயுள் காப்பீடு, 20 சுரக்ஷா விபத்துக் காப்பீடு. கணக்குத் தொடங்கியபோது நீட்டிய தாளில் கையெழுத்துப் போட்டிருப்பீர்கள், ஜூன் 1 முதல் மே 31 வரை ஒரு வருடத்துக்கு, வருடாவருடம் தானாகப் புதுப்பிக்கும். 2022 ஜூனுக்கு முன்பு 330, 12 என்று போய்க்கொண்டிருந்தது. இரண்டுமே தலா 2 லட்ச ரூபாய்க் காப்பீடு. வேண்டாம் என்றால் மே கடைசியில் பணம் பிடிப்பதற்கு முன்பே கிளையில் ஒரு கடிதம் கொடுத்து நிறுத்தலாம், ஆனால் என்னைக் கேட்டால் இருபது ரூபாயை நிறுத்தாதீர்கள். காட்டெருமை குறுக்கே வருகிற ரோட்டில் விடியற்காலையில் நடந்து வேலைக்குப் போகிறவர்கள் நாம். இரண்டு வங்கியில் கணக்கு இருந்து இரண்டிலும் பிடித்தால் மட்டும் ஒன்றை நிறுத்துங்கள், காப்பீடு ஒன்றுக்குத்தான் கிடைக்கும்.

போன் பேலன்ஸ் தானாகக் குறைகிறது.

காலர் டியூன், ஜோசியம், கிரிக்கெட் செய்தி மாதிரி ஏதாவது ஒட்டிக்கொண்டிருக்கும். 155223 இலவச எண், அதில் என்னென்ன ஓடுகிறது என்று தெரிந்துகொண்டு நிறுத்தலாம்.

லோன் தவணையும் ஆட்டோபேயில்தான் போகிறது. அதையும் இப்படி ரத்து செய்யலாமா?

ரத்து ஆகும், கடன் ரத்து ஆகாது. தவணை தவறியதற்கு அபராதம், கிரெடிட் ஸ்கோர் அடி, வீட்டுக்கு ஆள் என்று வரிசையாக வரும். சந்தாவையும் கடனையும் ஒரே பட்டியலில் பார்க்கும்போது கை தவறிவிடும், பெயரைப் படித்துவிட்டுத் தொடுங்கள். மகளிர் குழுக் கடன், சீட்டு எதுவானாலும் இதே எச்சரிக்கைதான்.

ஹோம்ஸ்டே நடத்துகிறோம். "உங்கள் பெயரை முதல் பக்கத்தில் கொண்டுவருகிறோம்" என்று பேக்கேஜ் விற்றார்கள், இப்போது மாதாமாதம் போகிறது.

கோத்தகிரி காய்கறிக் கண்காட்சிக்குப் பந்தல் போடும் முன்பே இந்த அழைப்புகள் தொடங்கிவிடும், ஊட்டி மலர்க் கண்காட்சி முடியும் வரை ஓயாது. கூகுளில் உங்கள் விடுதியின் பெயர், படம், எண் போட்டு வைப்பதற்குக் கட்டணமே கிடையாது, அதைச் செய்து தருகிற உழைப்புக்குத்தான் இவர்கள் காசு வாங்குகிறார்கள். வாங்கட்டும், தப்பில்லை. "முதல் இடம் உறுதி" என்று யாராலும் உறுதி கொடுக்க முடியாது, அப்படிச் சொன்ன வாட்ஸ்அப் மெசேஜ் இருந்தால் அழிக்காதீர்கள், அதுதான் உங்கள் ஆயுதம். எத்தனை மாத ஒப்பந்தம், முன்கூட்டியே விலகினால் என்ன என்பதை மெயிலில் கேட்டு வாங்குங்கள், பிறகு மேண்டேட்டை நிறுத்துங்கள்.

தொழிலுக்காக வாங்கியதற்கு நுகர்வோர் சட்டம் பொருந்தாது என்று அவர்கள் பயமுறுத்துவார்கள். வணிக நோக்கத்துக்கு வாங்குபவர் நுகர்வோர் இல்லை என்பது சரிதான், ஆனால் சுயதொழிலாகப் பிழைப்புக்குப் பொருள் வாங்கிப் பயன்படுத்துவதை 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் வணிக நோக்கத்தில் சேர்க்கவில்லை. இரண்டு அறை வைத்துக்கொண்டு தானே சமைத்துப் போடும் குடும்பம் அந்த வாதத்தை வைத்துப் பார்க்கலாம்.

யாருமே பதில் சொல்லவில்லை. அடுத்து எங்கே போவது?

கம்பெனி மேல் புகார் என்றால் 1915, தேசிய நுகர்வோர் உதவி எண், தமிழில் பேசலாம். ரத்து செய்யும் பொத்தானை ஒளித்து வைப்பது, இலவசம் என்று சொல்லிக் கார்டு விவரத்தைக் கட்டாயமாகக் கேட்பது, சுற்றி விடுவது இதற்கெல்லாம் 'சந்தாப் பொறி' என்று பெயர் வைத்தே 2023 நவம்பர் 30 அன்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் வழிகாட்டுதல் கொண்டுவந்தது, இப்படி 13 வகைத் தந்திரங்களைப் பட்டியல் போட்டிருக்கிறது. புகாரில் "சந்தாப் பொறி" என்ற சொல்லையே போடுங்கள், படிப்பவருக்கு உடனே புரியும்.

வங்கி மேல் புகார் என்றால் முதலில் வங்கிக்கு எழுத்தில் கொடுத்து எண் வாங்குங்கள். 30 நாளில் பதில் இல்லை, அல்லது பதில் திருப்தி இல்லை என்றால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளர். கட்டணம் கிடையாது, சி.எம்.எஸ். என்ற அவர்களுடைய தளத்தில் பதியலாம், விவரத்துக்கு 14448. நேராக அங்கே போனால் "வங்கிக்குக் கொடுத்தீர்களா" என்று கேட்டுத் திருப்பிவிடுவார்கள், அதனால் கிளையில் கொடுக்கும் கடிதத்தின் நகலில் சீல் வாங்காமல் வெளியே வராதீர்கள். மேனேஜர் நல்ல மனிதர், நம்மூர்க்காரர் என்பதெல்லாம் சரி, சீல் சீல்தான்.

கடைசி வழி நுகர்வோர் ஆணையம். நமக்கு ஊட்டியில், கொடைக்கானல்காரர்களுக்குத் திண்டுக்கல் மாவட்டத்தில். கம்பெனி பெங்களூரில் இருந்தாலும் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம், 5 லட்சம் வரை கட்டணம் இல்லை, இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும். 499 ரூபாய்க்கு ஊட்டி பஸ் ஏறி இறங்குவது கட்டுபடியாகுமா என்றால், ஆகாது, ஆனால் அந்த வழி இருப்பதை மெயிலில் குறிப்பிட்டால் பதில் கொஞ்சம் சீக்கிரம் வருகிறது.

எங்கள் ஊரில் மழை பிடித்தால் இரண்டு நாள் சிக்னலே இருக்காது. அப்போது என்ன செய்வது?

கூடலூர், பந்தலூர்க்காரர்கள் அதிகம் கேட்பது. ஜூலை, ஆகஸ்டில் கரண்டும் டவரும் சேர்ந்து போகும், அந்த நேரத்தில் சோதனைக் காலம் முடிந்தால் கம்பெனிக்கு நம் மழை தெரியாது. சேர்ந்த அன்றே ரத்து செய்வது தவிர எனக்கு வேறு வழி தெரியவில்லை. இன்னொன்று, ஒரு கோடு சிக்னலில் ரத்து கொடுத்தால் சக்கரம் சுற்றிக்கொண்டே நிற்கும், முடிந்ததா இல்லையா தெரியாது. "ரத்தானது" என்று தெளிவாக எழுதி வரும் வரை நம்பாதீர்கள், வந்ததும் ஸ்கிரீன்ஷாட் எடுங்கள், தேதியும் நேரமும் தெரிகிற மாதிரி.

பையன் கேம் ஆடி 1,800 ரூபாய் போய்விட்டது.

பையனை அடிக்காதீர்கள், பிளே ஸ்டோரில் வாங்கும்போது ஒவ்வொரு முறையும் சரிபார்க்கும்படி வைக்காதது நாம். 48 மணி நேரத்துக்குள் ரீஃபண்ட் கேளுங்கள், காரணத்தில் குழந்தை தெரியாமல் வாங்கியது என்று உள்ளதை எழுதுங்கள். அப்புறம் அந்தச் சரிபார்ப்பைப் போட்டுவிடுங்கள், பின் எண்ணையும் மாற்றுங்கள், அவனுக்கு அது மனப்பாடம்.

இதையெல்லாம் கடையில் செய்து தர எவ்வளவு?

ரத்து செய்து தரக் காசு வேண்டாம். மெயில் எழுதிப் பிரிண்ட் எடுத்தால் பக்கத்துக்கு ஐந்து ரூபாய். ரசீது வந்த ஜிமெயிலின் பாஸ்வேர்ட் நினைவிருக்கிறதா என்று வீட்டிலேயே பார்த்துவிட்டு வாருங்கள், பாதி நேரம் அதிலேயே போகிறது. யுபிஐ பின் எண்ணை நீங்களே போடுங்கள், நான் மழையைப் பார்த்துக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பி நிற்கிறேன். ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு மேல் கடை இல்லை.